வசதியான கோர்ட்

இடது தோளில் குத்தல் தாங்காமல், கூண்டுக்குள் நின்றபடியே அதை அமுக்கிவிட்டுக்கொண்டிருந்தான் லோடுமேன். மூட்டை சுமக்கிற வலது தோளில் துண்டு மடிந்து கிடந்தது. கண் இரண்டும் சிவந்திருந்தன. நீதிபதி பேசும்போதே வாயைப் பிளந்து ஒரு கொட்டாவி விட்டான்.

வக்கீலம்மா சும்மா விடுவாரா? கப்பென்று பிடித்துக்கொண்டார்.

"பாருங்கய்யா இந்த அலட்சியத்தை! இவர் பக்கத்துத் தெருவிலேர்ந்து நடந்து வர்றவரு. இவர் சம்சாரம், என் கட்சிக்காரி, அஞ்சு மணி நேரம் பஸ்ல இடிபட்டு வருது. தையல் கம்பெனியில அன்னிக்குச் சம்பளமும் போச்சு. கேஸை அந்தப் பொண்ணு ஊரு குடும்ப கோர்ட்டுக்கே மாத்திக் குடுங்க."

பெஞ்சு ஓரத்தில் உட்கார்ந்திருந்தாள் அந்தப் பெண். இடிபட்டு வந்தவள் மாதிரியே இல்லை. குளித்து முழுகி வந்தவள்போல் முகம் தெளிவாக இருந்தது. 'கொஞ்சம் வாடினாப்ல உக்காரேன்டி' என்று வக்கீலம்மா கண்ணாலேயே அதட்டியும் பலனில்லை.

விவாகரத்துக் கேஸ், அம்மா அழுதாள் என்று அவன் போட்டது. அதை இடம் மாற்றச் சொல்லும் மனு, அண்ணன் குதித்தான் என்று அவள் போட்டது. அண்ணனுக்குப் பஸ் ஏறினாலே குமட்டும்; அவளுக்குத் துணையாக வர முடியாது. கேஸ் தன் ஊருக்கு வந்துவிட்டால் வாய்தாவுக்கு வாய்தா தங்கையைக் கையோடு கூட்டி வந்து கையோடு கூட்டிப் போய்விடலாம், அந்தப் பயல் நிழல்கூட அவள்மேல் படாது என்பது அவன் கணக்கு.

"நீ என்னப்பா சொல்ற?" என்று லோடுமேனிடம் கேட்டார் நீதிபதி.

"மாத்தக் கூடாதுங்கய்யா. எனக்குப் பஸ்ஸே ஆகாது. அவளே வந்துட்டுப் போகட்டும்."

கோர்ட்டே உச்சுக்கொட்டியது. "கட்டினவளை இப்படியா அலைய விடுவான் ஒருத்தன்?" என்று பின்வரிசையில் ஒரு குரல். நீதிபதியின் முகம் கடுகடுத்தது. உத்தரவு எழுதப் பேனா மூடியைத் திருகிவிட்டார். மனு ஜெயித்த மாதிரிதான் என்று வக்கீலம்மா அடுத்த கேஸ் கட்டைப் பிரிக்கத் தொடங்கினார்.

"உன் வாயால ஒரு வார்த்தை சொல்லிடும்மா. அந்தப் பஸ் பயணம் ரொம்பச் சிரமமா இருக்கா?" என்று அவளிடம் கேட்டார் நீதிபதி.

அவள் எழுந்தாள். வக்கீலம்மாவைப் பார்த்தாள். கூண்டைப் பார்த்தாள். கடைசியில் தரையைப் பார்த்தாள்.

"ஏறி உக்காந்ததுதான் தெரியுங்கய்யா. அப்படியே தூங்கிடுவேன். இங்க வந்துதான் முழிப்பேன். வீட்டுலகூட எனக்கு அப்படித் தூக்கம் வர்றதில்ல."

கொல்லென்று சிரிப்பு. நீதிபதியே மீசையைத் தடவிச் சிரிப்பை மறைத்தார். "அப்புறம் என்னம்மா சிரமம்? மனு தள்ளுபடி."

வராந்தாவுக்கு வந்ததும் வக்கீலம்மா வெடித்தார். "ஜெயிச்ச மனுவைத் தூங்கியே தோத்துட்டியேடி! உங்க அண்ணன் போன் பண்ணினா நான் என்னத்தச் சொல்ல?"

"நான் தூங்கினேன்னே சொல்லிடுங்கக்கா" என்றவள், நிற்காமல் படியிறங்கி ஓடினாள். போன வேகத்தில் துணிப்பையைப் பெஞ்சிலேயே விட்டுவிட்டாள்.

கறுப்புக் கோட்டோடு, பையைத் தூக்கிக்கொண்டு, பஸ் நிலையம் வரை மூச்சிரைக்க ஓட வேண்டியதாயிற்று வக்கீலம்மாவுக்கு. வண்டி உறுமிக்கொண்டு நின்றது. ஏறிப் பார்த்தால், நடு இருக்கையில் அவள். அவளை ஒட்டி, ஆடாமல் அசையாமல், லோடுமேன்!

"யோவ்! பஸ்ஸே ஆகாதுன்னு சத்தியம் பண்ணாத குறையா சொன்னே. இங்கயும் வந்து அந்தப் பொண்ணுகிட்ட வம்பு பண்றியா?"

அவன் அதைக் காதிலேயே போட்டுக்கொள்ளவில்லை. இடது தோளை ஒரு சுற்று உருட்டிவிட்டு, துண்டை மடித்து மனைவியின் தோளில் வைத்து, அதன்மேல் தலையைச் சாய்த்தான்.

"ஆடாம உக்காரு. காலையில வர்றப்போ பூரா நீ என் தோள்ல தூங்கிட்ட, என் தூக்கம் இன்னும் பாக்கி."