ஒரு யார்டு

ஒரே ஆட்டத்தில் பந்தைப் பிடித்து அதிக தூரம் கடந்தவர் என்ற கல்லூரியின் பழைய சாதனையை கபிலன் ஒரே ஒரு யார்டில் முறியடித்துவிட்டதாக ஒலிபெருக்கி சொல்லி முடிப்பதற்குள் அடுத்த பந்தும் அவனை நோக்கியே கிளம்பிவிட்டது. கூட்டத்தில் உட்கார்ந்திருந்த அவன் அப்பா தணிகாசலம் சட்டென்று எழுந்து நின்றார். அமெரிக்கன் ஃபுட்பாலில், ஒவ்வொரு முறையும் பந்தை ஆடத் தொடங்கும் கோட்டுக்குப் பின்னால் பந்தைப் பிடித்து அங்கேயே விழுந்தால், பிடித்தவர் கணக்கிலிருந்து அந்தத் தூரத்தைக் கழித்துவிடுவார்கள். கபிலன் கோட்டுக்கு நன்றாகப் பின்னால்தான் நின்றிருந்தான். மலை மாதிரி இரண்டு பேர் அவனை நெருங்கிவிட்டார்கள். பிடித்து விழுந்தால் மிச்சமிருந்த சில நொடிகளும் கடிகாரத்தில் ஓடி முடிந்து அவன் அணி ஜெயித்துவிடும், சாதனை போய்விடும். தவறவிட்டால் சாதனை நிற்கும், ஆனால் கடிகாரமும் நின்று எதிரணிக்கு உயிர் வந்துவிடும். "பிடி கண்ணா, பிடி!" என்று அம்மா வசுமதி கத்தினாள். எந்தப் பந்து வந்தாலும் அவள் அதைத்தான் கத்துவாள், அந்த ஆட்டத்தில் அவளுக்குத் தெரிந்தது அவ்வளவுதான். தணிகாசலத்தின் உதடுகள் அசைந்தன. "விட்டுடுடா."

"என்னங்க சொன்னீங்க?" வசுமதி திரும்பினாள்.

"ஒண்ணுமில்ல."

இவ்வளவு இரைச்சலில் அது மைதானம்வரை கேட்டிருக்க வழியே இல்லை. பந்து இன்னும் காற்றில்தான் இருந்தது. என்ன ஆனாலும் பந்திலிருந்து கண்ணை எடுக்கக் கூடாது என்று சின்ன வயதிலிருந்தே அவர் பழக்கிய பையன், தலையைத் திருப்பி நேராக அவரைப் பார்த்தான்.