பெயரை மூன்று முறை சொல்லவும்

"மனுசன் பொய் சொல்லுவான் ஏட்டி. மெஷின் சொல்லாது," என்றார் ராஜையன்.

சவுதியில் பதினோரு வருடம் கிரேன் ஓட்டிவிட்டு ஊர் திரும்பியவர் அவர். மாதா கோயில் திருவிழாக் கடைகளுக்கு நடுவே நின்ற அந்த வெள்ளிநிற பொம்மையை மரியாதையோடு பார்த்தார். அதன் நெஞ்சில் சிவப்பும் பச்சையுமாகப் பல்புகள் ஓடிக்கொண்டிருந்தன. தலைக்கு மேலே பலகை: ‘ஒலி ஜோதிட இயந்திரம். பெயரை மூன்று முறை சொல்லவும். உங்கள் குரலின் ஒலியை வைத்தே வருங்காலம் சொல்லப்படும்.’

"ஜோசியம் பாக்கது பாவம்லா," என்றாள் அவர் மனைவி விக்டோரியா, ஒப்புக்கு.

"இது ஜோசியம் இல்லட்டி, விஞ்ஞானம். நம்ம சத்தத்துல எல்லாம் இருக்கு. அத அளந்து சொல்லுகு."

விக்டோரியா சிரிப்பை முந்தானைக்குள் ஒளித்துக்கொண்டாள். எது அளந்து சொல்லுகிறது என்று அவளுக்குத் தெரியும். மத்தியானம் பீடத்துக்குப் பூ கொண்டுவந்தபோது பொம்மைக்குப் பின்னால் தொங்கிய கறுப்புத் துணி காற்றில் விலகியது. உள்ளே முருகதாஸ் என்ற ஆள் மைக்கைப் பிடித்தபடி மூக்கால் பேசிக்கொண்டிருந்தார்.

அவளைக் கண்டதும் கும்பிட்டார். "வெளிய சொல்லிராதீங்கக்கா. காலையில இருந்து சாப்பிடக்கூட எந்திரிக்க முடியல."

விக்டோரியா வீட்டுக்குப் போய், தூக்குவாளியில் மரச்சீனிக் கிழங்கும் சாளை மீன் கறியும் கொண்டுவந்து கொடுத்தாள். கொடுத்த பிறகுதான் அந்த யோசனையே வந்தது.

வருகிற திங்கள்கிழமை ராஜையனின் தம்பி டைட்டஸின் மகள் ஷிபாவுக்குக் கல்யாணம். அண்ணனுக்கும் தம்பிக்கும் மூன்று வருடமாகப் பேச்சில்லை. புது வீட்டுப் பால்காய்ச்சுக்கு டைட்டஸ் நேரில் வந்து அழைக்காமல் ஆள் விட்டுச் சொன்னானாம். அதுதான் குற்றம். இப்போது கல்யாணத்துக்கு அவனே இரண்டு தடவை வந்தான். இரண்டு தடவையும் ராஜையன் பின்வாசல் வழியாக ரப்பர் தோட்டத்துக்குள் இறங்கிவிட்டார். ஷிபா நடை பழகியது அவர் விரலைப் பிடித்துத்தான். பெரியப்பா இல்லாமல் அந்தப் பிள்ளை எப்படிக் கோயில் படியேறும்?

"திங்கக்கிழம தம்பி வீட்டுக் கல்யாணத்துக்குப் போகணும்னு ஒரு வரி சொன்னாப் போதும். பாவத்த நான் சாமியார்ட்ட சொல்லிக்கிடுதேன்," என்று முருகதாஸிடம் கேட்டிருந்தாள்.

ராஜையன் ஸ்டூலில் அமர்ந்து ஹெட்போனை மாட்டினார். காது அடைத்ததும் குரல் தானாக உயர்ந்தது. "ராஜையன். ராஜையன். ராஜையன்." மெழுகுவர்த்திக் கடைக்காரி யாரையோ காணவில்லை என்று நினைத்துத் திரும்பிப் பார்த்தாள்.

பல்புகள் வேகமாக ஓடின. துணிக்குப் பின்னால் யாரோ செருமுவதும் இருமுவதும் கேட்டது. ‘மாதாவே, காட்டிக் குடுத்திருவாரே’ என்று விக்டோரியா ஜெபமாலையை இறுக்கினாள். ராஜையன் கவனிக்கவில்லை. கொடிமரத்தைப் பார்த்தபடியே இருந்தார். இரண்டு தடவை தலையாட்டினார். பிறகு ஹெட்போனைக் கழற்றி, ஒரு நல்ல கருவிக்குத் தரவேண்டிய மதிப்போடு ஆணியில் மாட்டினார்.

"என்ன சொல்லிச்சு?"

"அதெல்லாம் வெளிய சொல்லப்பிடாது."

பத்தடி நடந்ததும் வளையல் கடை முன்னால் நின்றார். "டைட்டஸ் வீட்டுக்குப் போகணுமாம்."

"எப்பம்? திங்கக்கிழமையா?"

"திங்கக்கிழம விருந்தாளியாட்டு போனா அது மொறையில்லயாம். நாளைக்கே போகணுமாம். கல்யாண வீட்டுல ஆளு வேணும்லா."

ஒரு வரிதானே கேட்டோம் என்று நினைத்தாள் விக்டோரியா. "பொறவு?"

"பால்காய்ச்சு சமயம் அவனுக்குப் பொன்னுக்கு வீங்கியாம். கன்னம் பூசணிக்கா மாதிரி இருந்துச்சாம். அதான் நேர்ல வரலயாம்."

"இத நான் நூறு தடவ சொல்லலியா?"

"நீ அவனுக்குப் பரிஞ்சு பேசுக ஆளு. மெஷினுக்கு அவன் சொந்தமா?"

இது முருகதாஸுக்கு எப்படித் தெரியும்? பேச்சுவாக்கில் தானே உளறிவிட்டோம் போல என்று அவள் சமாதானம் செய்துகொண்டாள்.

"இன்னொண்ணும் சொல்லிச்சு." ராஜையன் குரல் இறங்கியது. "வீட்டுக்காரி மூணு வருசமா இதுக்காக ஜெபம் பண்ணுகாளாம். அவள அழ வச்சது தப்பாம். மன்னிப்புக் கேக்கணுமாம்." முகத்தை வளையல்கள் பக்கம் திருப்பிக்கொண்டார். "கேட்டாச்சுன்னு வச்சுக்க."

விக்டோரியாவுக்குக் கண் கலங்கியது. முருகதாஸுக்கு நாளைக்கும் ஒரு தூக்குவாளி கொடுக்கவேண்டியதுதான்.

"ஏட்டி, ஷிபாவுக்குக் கை அளவு என்ன? திருவிழாவுக்குத் திருவிழா பச்ச வளையல்தானே கேப்பா," என்றபடி ராஜையன் கடைக்குள் குனிந்தார்.

அப்போது முருகதாஸ் மூச்சிரைக்க வந்தார். ஒரு கையில் காலித் தூக்குவாளி, மறு கையில் பாதி தின்ற வாழைப்பழம். குரல் கரகரத்தது.

"மன்னிச்சிருங்கக்கா. கடைசி வாய் சாப்பிடும்போது சாளை முள்ளு தொண்டையில குத்திருச்சு. பழத்த முழுங்கி இப்பத்தான் எறங்குச்சு. அண்ணன நாளைக்கு இன்னொரு தடவ கூட்டிட்டு வாங்க, நீங்க சொன்னதக் கண்டிப்பா சொல்லிருதேன். இன்னைக்கு என்னால ஒரு வார்த்த பேச முடியல. அவருதான் சத்தமே வராத மெஷின் முன்னால கொஞ்ச நேரம் இருந்து, ‘செரி, செரி’ன்னு தலையாட்டிட்டு எந்திச்சுப் போனாரு."