ஒலிப்பதிவு: வே. கார்மேகம்

தினகர் இயக்கிய சின்னப் படத்துக்கு ஒளிப்பதிவு, ஒலிப்பதிவு, படத்தொகுப்பு, நடிகைக்குப் புடவை கட்டிவிடுவது எல்லாமே ரோஸ்லின்தான். பெயர் ஓடும்போது பார்த்தால், ஒவ்வொரு வேலைக்கும் பிறக்காத ஒரு மனிதனின் பெயரைப் போட்டிருந்தான்.

“ஒரே பேரு திரும்பத் திரும்ப வந்தா பெட்டிக்கடை மாதிரி இருக்கும் ரோஸி. பல பேரு ஓடுனாத்தான் கம்பெனி.”

“என் பேரு எங்கடா?”

“நன்றியில இருக்கே.”

இருந்தது. மேலே டீக்கடைக்காரர், கீழே படத்தில் நடித்த நாய்.

விருது விழாவில் சிறந்த ஒலிப்பதிவுக்கு வே. கார்மேகத்தை அழைத்தார்கள். தினகரின் மச்சினன் கோட்டுப் பொத்தானைப் போட்டபடி மேடையேறினான். விழாவைப் படம்பிடிக்கும் வேலையையும் தினகர் ரோஸ்லின் தலையில்தான் கட்டியிருந்தான். அவள் கேமரா பார்ப்பதெல்லாம் மேடையின் பெரிய திரையில் தெரிந்தது.

“அந்த மழைச் சத்தத்த எப்படி சார் பிடிச்சீங்க?” என்று தொகுப்பாளினி மைக்கை நீட்டினாள்.

“மழை பெய்யும்போதுதான்.”

“மழையே இல்லாத ஊர்ல எடுத்தோம்னு டைரக்டர் இப்பத்தானே சொன்னாரு?”

அந்த மழை, ரோஸ்லின் தன் சமையலறையில் அப்பளம் பொரித்த சத்தம். மச்சினன் போட்ட பொத்தானைத் திரும்பக் கழற்றினான். தினகர் குனிந்தபடி ஓடிவந்தான்.

“ரோஸி, கால்ல விழுறேன். கேமராவ வேற பக்கம் திருப்பு.”

“கார்மேகம் சார் பேசட்டும்டா,” என்று பல்லைக் கடித்தவள், மச்சினனின் நெற்றி வியர்வை திரையை நிறைக்கும்வரை நெருங்கிப் போனாள்.