பின்னணி இரைச்சல்

பழைய இசைக் கீபோர்டின் ஓசையைக் கம்ப்யூட்டரில் அப்படியே எழுப்ப, பூபதிராஜா ஒவ்வொரு கட்டையாக அழுத்தி மைக்கில் பதிந்து வருவான். பதிவு ஆனைகட்டியில், நண்பனின் அறையில், அங்கேதான் அமைதியாம். திரும்பக் கேட்க அவனுக்குப் பொறுமை கிடையாது. இரைச்சலை நீக்குவது மனைவி செல்வப்பிரியாவின் வேலை.

"உனக்குப் பாம்புக் காது புள்ள!" என்பான்.

குழந்தையில்லையென்று உறவினர்கள் வேறு பெண் பார்த்தபோது மறுத்தவன். அவனுக்கு இதுகூடச் செய்யாமலா?

காக்கையை நீக்கினாள். லாரியை நீக்கினாள். அடுத்த ஸ்வரம் தேய்கிற இடத்தில், ஹெட்போனில் ஒரு மழலை: "அப்பா!"

கூடவே பூபதிராஜாவின் கிசுகிசுப்பு: "உஷ்... அப்பா வேலையா இருக்கறன் சாமி."

"முடிஞ்சுதா புள்ள?" அடுத்த அறையிலிருந்து கேட்டான்.

"ஒண்ணு பாக்கிங்க," என்றவள், அந்தக் குரல்களை வைத்துக்கொண்டு ஸ்வரத்தை அழித்தாள்.