மூன்றாவது அழைப்பு

செண்பகவல்லியின் தையல்கடையைக் காலி செய்யச் சொல்லி வழக்குப் போட்ட கட்டட முதலாளி அருணகிரி, நீதிபதி முன் கைகட்டி நின்றார்.

"இதே கடைக்காக வேற கோர்ட்ல கேஸ் போட்டிருக்கீங்களா?"

"சத்தியமா இல்லீங்கய்யா."

எதிரே இருந்த கோர்ட்டிலிருந்து, பெயர் கூப்பிடும் டவாலியின் குரல் கணீரென்று வந்தது. "வாதி அருணகிரி!"

"அது வேற ஆளுங்கய்யா."

"வாதி அருணகிரி! பிரதிவாதி டெய்லர் செண்பகவல்லி!"

நான்கு வருடம் கோர்ட்டுக்கு நடந்ததில், பக்கத்தில் நின்ற செண்பகவல்லிக்கே தெரியும், மூன்றாம் முறையும் வாதி வராவிட்டால் வழக்கு தள்ளுபடி. அருணகிரியின் ஒரு கால் தானாக வாசல் பக்கம் திரும்பியிருந்தது. நீதிபதி பேனாவை மூடி வைத்துவிட்டு அந்தக் காலையே பார்த்தார்.

செண்பகவல்லிக்குச் சிரிப்பு பொங்கியது. "போயிட்டு வாங்க முதலாளி. இங்க உங்க எடத்த நான் பாத்துக்கறேன்."

எதிர் வாசலில் டவாலி மூச்சை இழுத்தான்.