மகாராஜாவின் சட்டை

“இன்னா மகாராஜா, திரும்ப வந்துட்டியா? தண்ணி கிண்ணிலாம் வுட்டாச்சா?” என்றார் சூப்பர்வைசர் பாண்டுரங்கன்.

“சார், நான் சக்திகுமார். புதுசா சேர்ந்திருக்கேன். பழைய ஆளு சட்டைய எனக்குக் குடுத்திட்டாவ.”

“குடிச்சிக் குடிச்சி சொந்தப் பேரே மறந்துபோச்சாபா?”

லைனே சிரித்தது.

ஒரகடத்துக் கம்பெனி அது. ஆறு மாதத்துக்கு ஒருமுறை பாதி ஆள் மாறும். தொப்பிக்கும் மாஸ்க்குக்கும் நடுவில் தெரிவது இரண்டு கண். மற்றபடி சட்டையில் தைத்திருக்கும் பேர்தான் ஆள். டீயைத் தவிர எதையும் தொடாத சக்திகுமாருக்கு ஒரு குடிகாரனின் சட்டை வந்து வாய்த்தது. ஊர் வாயை மூட உலைமூடி ஏது?

எட்டு மாதம் ஒழுங்காக வேலை பார்த்தான், பாவம். அதுவே வினையானது.

“எப்டி இருந்தவன், பாரு! நான்தான் திருத்தினேன்” என்று பாண்டுரங்கன் மேனேஜர் வரைக்கும் சொல்லிவிட்டார். “கம்பெனி குடும்ப விழால மேடையேறி நீயே சொல்லுபா. லைன்ல வுழுந்து கெடந்தப்போ மோர் குடுத்து எழுப்பினேனே, அதையும் சொல்லு. பர்மனென்ட் லிஸ்ட்ல உன் பேரை வெக்கறேன்.”

“எந்தப் பேரை, சார்?”

“இன்னும் தெளியலியா நீ?”

பர்மனென்ட் ஆனால்தான் மனைவி கவியாவை ஊரிலிருந்து கூட்டிவந்து குன்றத்தூரில் குடித்தனம் வைக்க முடியும். சக்திகுமார் மேடை ஏறினான்.

பிராந்தி நெடி, லைனில் விழுந்தது, கண் விழித்தால் தலைமாட்டில் மோர் டம்ளரோடு பாண்டுரங்கன்... சொல்லச் சொல்ல எல்லாமே ஞாபகம் வந்தது. நிஜமாகவே அழுதான். விழாவுக்கென்று வந்திருந்த கவியா, ‘எங்கிட்ட மறைச்சிட்டீங்கள்லா?’ என்று முன்வரிசையிலிருந்து முறைத்தாள்.

கைதட்டலில் பந்தல் அதிர்ந்தது.

இறங்கியவனின் கையை, தண்ணீர் கேன் போட வந்த ஒருவன் பிடித்துக்கொண்டான். கண் கலங்கியிருந்தது. லேசாக வாடையும் அடித்தது.

“அண்ணாச்சி, எம் பேரும் மகாராஜாதான். நானும் இங்கனதான் வேலை பாத்தேன். லைன்ல விழுந்தும் கெடந்தேன்.”

சக்திகுமார் சட்டையில் இருந்த பேரைக் கையால் மறைத்துக்கொண்டான்.

“பாண்டுரங்கன் சார் உங்களுக்கு மோர் குடுத்தா எழுப்புனாரு?”

“ம்...”

“என்னைய செக்யூரிட்டிய விட்டு கேட்டுக்கு வெளிய இழுத்துப் போட்டாரு. போகட்டும் அண்ணாச்சி. நான் போனப்புறம் மனுசன் திருந்திட்டாரு போல!”