முடிச்சறை

“முடியாதும்மா. கிளம்புங்கோ.”

கணபதிராமன் நிமிர்ந்துகூடப் பார்க்காமல் சொன்னார்.

எதிரே நிம்மி நின்றுகொண்டிருந்தாள். நெற்றியோரத்தில் விபத்தின் தழும்பு இன்னும் மறையவில்லை. மைசூர் சரஸ்வதிபுரத்தில் இருக்கும் இந்தக் காலத் திருத்த அலுவலகத்துக்கு அவள் வருவது இது முதல் தடவை அல்ல. ஒவ்வொரு தடவையும் இதே பதில்தான்.

அடுத்த மேஜையில் இருந்த சுசித்ராவுக்குப் பற்றிக்கொண்டு வந்தது. ஹுப்ளியிலிருந்து மாற்றலாகி வந்து அவளுக்கு இன்னும் ஒரு மாதம்கூட ஆகவில்லை. அனுமதி கொடுப்பது அவள் வேலை. அறையை இயக்குவது கணபதிராமன் வேலை. அவள் அனுமதி கொடுத்தாயிற்று. மனுஷன் அசைந்தால்தானே!

“சார், அவங்க கேக்கறது சட்டப்படி சரியாத்தான் இருக்கு,” என்றாள் சுசித்ரா.

“இருக்கட்டும்.”

“மேடம், நீங்களாவது கேளுங்க.” நிம்மி அவள் மேஜைப் பக்கம் வந்தாள். “நானும் என் வீட்டுக்காரர் லாய்டும் தோரனஹள்ளி அந்தோணியார் கோயிலுக்குப் போயிட்டு ஸ்கூட்டர்ல வந்துட்டிருந்தோம். அவருக்குக் கண் கொஞ்சம் மந்தம். அதனால எப்பவும் நான்தான் ஓட்டுவேன். அன்னிக்கு டீ குடிக்க நிறுத்தின இடத்துல என் கையிலேர்ந்து சாவியைப் பிடுங்கிக்கிட்டார். எவ்வளவோ கேட்டேன், தரவேயில்லை. கொஞ்ச தூரத்துல லைட் இல்லாம ஒரு கரும்பு டிராக்டர் நின்னுட்டிருந்தது. பின்னாடி உக்காந்திருந்த நான் பிழைச்சிட்டேன். அவர்…”



அவள் கேட்பதெல்லாம் ஒரு வரிச் சேதி. அன்றைய நிம்மிக்கு, டீக்கடையில் நிற்கும்போது போய்ச் சேர வேண்டும். ‘சாவியைக் கொடுக்காதே.’

விபத்தே நடக்காமல் தடுத்துவிடலாமே என்று யாருக்கும் தோன்றும். அது ஆகாத காரியம். விபத்து நடக்கவில்லை என்றால் சேதி அனுப்ப யாருக்கும் காரணம் இருக்காது. சேதி போகவில்லை என்றால் விபத்து நடந்துவிடும். இந்தச் சிக்கல் வெளியே பரவி ஊர் உலகத்தையே குழப்பிவிடாமல் பிடித்து வைக்கத்தான் உள்ளே அந்த இரும்பு அறை. முடிச்சறை என்றுதான் எல்லோரும் சொல்வார்கள். நடந்த சாவை அதனால் மாற்ற முடியாது. செத்த ஆளை மாற்றலாம். அதுவும், செத்தவருக்குப் பதிலாகச் சாகப் போகிறவரே மனமுவந்து வந்து கேட்டால்தான்.

“அவர் பிழைச்சா நீங்க இருக்க மாட்டீங்க. தெரியுமில்ல?” சுசித்ரா மெதுவாகக் கேட்டாள்.

“தெரியும் மேடம். நான் நர்ஸ். சாவு எனக்குப் புதுசில்ல. ராத்திரி டூட்டி முடிஞ்சு வர்றப்ப வீட்டுல அவர் செருப்பு இல்லாம வாசல் காலியா கிடக்கு பாருங்க, அதைத்தான் தாங்க முடியல.”

அவள் கணபதிராமன் பக்கம் திரும்பிக் கை கூப்பினாள்.

“தயவுசெஞ்சு சார். உங்க சொந்தப் பொண்ணா நெனச்சு…”

“என் பொண்ணு வந்து நின்னாலும் இதேதான். ஆத்துக்குப் போய் ஒரு வாய் சாப்பிடுங்கோ.”

சாப்பிடச் சொன்னதுதான் தாமதம், நிம்மி வெடித்துவிட்டாள்.

“நீங்கல்லாம் மனுஷனா? அந்த அறை என்ன, உங்கப்பன் வீட்டுச் சொத்தா? என் வயித்தெரிச்சல் உங்களைச் சும்மா விடாது!”

அழுதுகொண்டே படியிறங்கிப் போனாள். கணபதிராமன் டிபன் பாக்ஸைத் திறந்தார். இந்த மனுஷனுக்கு எப்படித்தான் தயிர்சாதம் தொண்டையில் இறங்குகிறதோ என்று சுசித்ராவுக்கு ஆத்திரம் பொங்கியது. அவர் அதைக் கொஞ்ச நேரம் பார்த்துவிட்டு மூடி வைத்தார்.

“நான் இதை மேலிடத்துக்கு எழுதப் போறேன் சார். வேற ஆபரேட்டர் வந்து அந்தப் பொண்ணுக்கு ஒரு வழி பண்ணட்டும்.”

“என்னைப் பத்தி என்ன வேணா எழுதுங்கோ. வேற ஆள் மட்டும் வேண்டாம்மா.” முதல்முறையாக அவர் நிமிர்ந்து அவளைப் பார்த்தார்.

“ஆபீஸ்ல உங்களைக் கல்லுளிமங்கன்னு சொல்றது சும்மா இல்ல. முடியாதுன்னா ஏன்னு அவங்ககிட்ட சொல்ல வேண்டாமா?”

“சொன்னா தாங்க மாட்டா. என்னைத் திட்டிண்டாவது உசுரோட இருக்கட்டும்.”

“அப்ப எங்கிட்ட சொல்லுங்க.”

கணபதிராமன் எழுந்துபோய்க் கதவைச் சாத்திவிட்டு வந்தார்.

“ஆள் மாறினா வெளியில இருக்கறவா ஞாபகமும் சேர்ந்து மாறிடும். ஃபைல்கூட மாறிடும். உள்ளே இருந்து அறையை இயக்கறவனுக்கு மட்டும்தான் முன்னாடி நடந்ததும் ஞாபகம் இருக்கும்.”

“சரி, அதுக்கென்ன?”

“அந்த விபத்துல மொதல்ல செத்துப்போனது நிம்மி.”

சுசித்ரா, நிம்மி போன திசையில் சாத்தியிருந்த கதவைத் திரும்பிப் பார்த்தாள்.

“லாய்ட் இங்கே வந்து நின்னு அழுதார். மனசு கேக்காம, ‘சாவியைப் பிடுங்கிக்கோ’ன்னு அன்னிக்கு இருந்த லாய்டுக்கு நான்தான் சேதியை அனுப்பினேன். அதுக்கு முன்னாடி என் ரெண்டு கையையும் பிடிச்சுண்டார்.” கணபதிராமனின் கண் நிறைந்தது. “‘அடுத்து அவ வருவா சார். உங்க காலைக்கூடப் பிடிப்பா. அப்ப மட்டும் இளகிடாதீங்க’ன்னார்.”